இன் துல்ச்சி யூபிலோ: இரண்டு மொழியில் ஆடும் ஒரு கிறிஸ்துமஸ் பாட்டு

முதல் அடி லத்தீன். இரண்டாம் அடி ஜெர்மன். மூன்றாவதும் ஜெர்மன்தான். நான்காவதில் ஒரு ஜெர்மன் வினைச்சொல் வருகிறது, அதன் கையைப் பிடித்துக்கொண்டு இரண்டு லத்தீன் சொற்கள் வருகின்றன. ‘இன் துல்ச்சி யூபிலோ’ என்ற பழைய கிறிஸ்துமஸ் பாட்டின் நடை இதுதான். “இனிய களிப்பிலே” என்கிறது லத்தீன். “பாடுங்கள் இப்போது, மகிழ்ந்திருங்கள்” என்கிறது ஜெர்மன். நம் நெஞ்சின் இன்பம் முன்னணையில் கிடக்கிறது. தாயின் மடியில் சூரியனாய் ஒளிர்கிறது. நெஞ்சு, இன்பம், சூரியன் எல்லாம் ஜெர்மனில் வருகின்றன. முன்னணையும் தாய்மடியும் லத்தீனில் வருகின்றன. அல்பாவும் ஓமெகாவும் நீரே என்று லத்தீனிலேயே அந்தச் சரணம் முடிகிறது.

இப்படி எழுதுவதற்குத் தமிழில் வெகு காலமாகவே ஒரு பெயர் உண்டு: மணிப்பிரவாளம். மணியையும் பவளத்தையும் ஒரே நூலில் கோப்பது. நம் வைணவ உரையாசிரியர்கள் வடமொழியையும் தமிழையும் கோத்த அதே நூற்றாண்டுகளில், ஜெர்மன் பேசிய நாட்டில் யாரோ ஒருவர் பலிபீடத்தின் மொழியையும் அடுக்களையின் மொழியையும் கோத்திருக்கிறார். கோத்த விதம் நுட்பமானது. லத்தீன் அடியும் ஜெர்மன் அடியும் ஒன்றுக்கொன்று எதுகை போல ஒலித்து முடிகின்றன. யூபிலோவுக்கு ‘ஃப்ரோ’ பதில் சொல்கிறது. குருவானவர் ஒரு சொல் சொல்ல, கடைசி பெஞ்சில் பிள்ளையை இடுப்பில் வைத்திருக்கும் பெண் அடுத்த சொல்லைச் சொல்வது போல இருக்கிறது.

இந்தப் பாட்டை நான் ஒவ்வொரு டிசம்பரிலும் பிள்ளைகளுக்குப் பியானோவில் சொல்லிக்கொடுக்கிறேன். அப்போதெல்லாம் ஒரு விஷயம் உறுத்தும். பெரும்பாலான பாட்டுப்புத்தகங்களில் இதன் தலைப்பில் ‘மகிழ்ச்சியாக’ என்று குறித்திருப்பார்கள். பிழையில்லை. ஆனால் இதன் கடைசி அடியை ஒருமுறை படித்துப் பார்த்தவர்களால் வெறும் மகிழ்ச்சியாக மட்டும் இதை வாசிக்க முடியாது. “ஐயா, வேரன் விர் டா!” ஆகா, நாம் அங்கே இருக்கக்கூடாதா! வந்து சேர்ந்தவர்கள் இப்படிப் பாடுவதில்லை. வாசலுக்கு வெளியே நின்று உள்ளே வெளிச்சத்தைப் பார்ப்பவர்கள்தான் பாடுவார்கள். இந்தப் பாட்டில் ஆட்டமும் இருக்கிறது, ஏக்கமும் இருக்கிறது. இதற்கு எழுதப்பட்ட ஆர்கன், பியானோ அமைப்புகளில் எது நல்லது என்று கேட்டால், இரண்டையும் ஒரே கையில் பிடித்திருப்பதுதான் நல்லது என்பேன்.

பாட்டு எங்கிருந்து வந்தது என்பதற்கு ஒரு கதை உண்டு. 14ஆம் நூற்றாண்டு. ஹைன்ரிக் சூசோ என்ற டொமினிக்கன் சபைத் துறவி கொன்ஸ்டான்ஸ் நகரத்து ஏரிக்கரை மடத்தில் வாழ்ந்தவர்; எக்கார்ட் என்ற பெரிய ஞானியிடம் பயின்றவர்; 1366இல் உல்ம் நகரில் இறந்தவர். தன் உடலை அவர் வருத்திய விதத்தைப் படிக்கவே மனம் பதறுகிறது. ஆணிகள் பதித்த உள்ளாடை அணிந்திருக்கிறார். இயேசுவின் பெயரைத் தன் மார்பில் கூர்முனையால் கீறிக்கொண்டார். இந்த மனிதரின் வாழ்க்கையைச் சொல்லும் நூலில் ஒரு காட்சி வருகிறது. துன்பத்தில் சோர்ந்திருந்த ஒரு நாள், வானதூதர்கள் அவரிடம் வருகிறார்கள். துக்கத்தை விட்டுவிடு, எங்களோடு ஆடு என்கிறார்கள். கையைப் பிடித்து இழுத்து வட்டத்துக்குள் சேர்த்துக்கொள்கிறார்கள். ஒருவர் குழந்தை இயேசுவைப் பற்றிய பாட்டு ஒன்றை எடுத்துப் பாடுகிறார். அது ‘இன் துல்ச்சி யூபிலோ’ என்று தொடங்குகிறது. அந்த ஆட்டம் இந்த உலகத்தில் ஆடும் ஆட்டம் போல் இல்லை என்றும், உள்ளிருந்து வெளியே பொங்கி மீண்டும் ஆழத்துக்குள் பாய்வதாக இருந்தது என்றும் நூல் சொல்கிறது.

1328ஐ ஒட்டி நடந்ததாகச் சொல்லப்படும் இந்தக் காட்சியை வைத்து, பாட்டை எழுதியவரே சூசோதான் என்று பலர் எழுதிவிட்டார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. வாசகர்களுக்கு முன்பே தெரிந்த பாட்டு என்றால்தான் முதல் அடியை மட்டும் சொல்லிவிட்டுப் போக முடியும். ஆனால் இந்தக் கதை எனக்கு வேறு காரணத்துக்காக முக்கியம். தன்னைத் தானே வதைத்துக்கொண்ட ஒருவரிடம் வானதூதர்கள் கேட்டது இன்னொரு தவத்தை அல்ல. ஆட வா என்றுதான் கேட்டார்கள். கேரல் என்று இன்று நாம் சொல்லும் சொல்லே பழைய பிரெஞ்சில் கைகோத்து வட்டமாக ஆடும் ஆட்டத்தைக் குறித்தது. இந்தப் பாட்டு தாளத்தில் இன்றும் அந்த வட்டத்திலேயே சுற்றுகிறது. ஒரு நெடில், ஒரு குறில். ஒரு நெடில், ஒரு குறில்.

மெட்டோடு கிடைக்கும் பழைய கையெழுத்துப் பிரதி 1400ஐ ஒட்டியது; லைப்சிக் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கிறது. பிறகு மார்ட்டின் லூத்தரின் காலம். மக்கள் தங்கள் தாய்மொழியில் பாடவேண்டும் என்று போராடிய அந்த இயக்கம், பாதி லத்தீனாக இருந்த இந்தப் பாட்டை ஒதுக்கவில்லை. விட்டன்பர்க்கில் கிளூக் என்பவர் அச்சிட்ட 1533ஆம் ஆண்டுப் பாட்டுப்புத்தகத்தில் இது இடம்பெற்றது. சில ஆண்டுகளிலேயே கத்தோலிக்கர்களின் பாட்டுப்புத்தகத்திலும் வந்தது. இரண்டு தரப்பும் மற்ற எல்லாவற்றுக்கும் சண்டையிட்டுக்கொண்டிருந்த காலம் அது. மரியாளைப் பற்றிய சரணத்துக்குப் பதிலாக, பிதாவின் அன்பைப் பாடும் சரணம் 1545இல் லைப்சிக்கில் அச்சான பாப்ஸ்ட் பாட்டுப்புத்தகத்தில் வந்தது. மாற்றம் அவ்வளவுதான். மொழிக் கலப்பில் அப்போது யாரும் கை வைக்கவில்லை.

கலப்பு எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு ஒரு நிகழ்ச்சியைச் சொல்ல வேண்டும். 1745 செப்டம்பர் 14 அன்று, அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் மொரேவியச் சபையார் குடியேறியிருந்த பெத்லகேம் என்ற ஊரில், இந்தப் பாட்டை 13 மொழிகளில் ஒரே நேரத்தில் பாடினார்கள். ஐரோப்பிய மொழிகளோடு அங்கிருந்த பழங்குடி மக்களின் மொழிகளும் அதில் இருந்தன. மெட்டு ஒன்று, வாய்கள் பதின்மூன்று. வேறு எந்தப் பாட்டையும்விட இந்தப் பாட்டுக்குத்தான் அது பொருத்தம். இரண்டு மொழிக்கு இடம் கொடுத்த வீட்டில் பதின்மூன்றுக்கு இடம் இல்லாமலா போகும்?

இங்கிலாந்துக்கு அது போன வழியில் ஒரு தவறு நடந்தது. 1582இல் கிரைஃப்ஸ்வால்ட் நகரில் ‘பியே கான்ட்சியோனெஸ்’ என்ற பாட்டுத் தொகுப்பு அச்சானது. தொகுத்தவர் பின்லாந்து மாணவர் தியோடோரிகஸ் பெத்ரி. அதில் இந்தப் பாட்டு ஸ்வீடிஷும் லத்தீனும் கலந்து இருக்கிறது. கிடைப்பதற்கு அரிய அந்தப் புத்தகத்தின் பிரதி ஒன்றை ஸ்டாக்ஹோமில் இருந்த பிரிட்டிஷ் தூதர் கொண்டுவந்து கொடுக்க, ஜான் மேசன் நீல் என்ற குருவானவரும் தாமஸ் ஹெல்மோர் என்ற இசை அறிந்த குருவானவரும் அதிலிருந்து பாட்டுகளை எடுத்து 1853இல் வெளியிட்டார்கள். ‘இன் துல்ச்சி யூபிலோ’ அப்போது முழுக்க ஆங்கிலப் பாட்டாக மாறியது: நல்ல கிறிஸ்தவர்களே, களிகூருங்கள். ஹெல்மோர் பழைய சுரக்குறிப்பைப் படித்தபோது மெட்டின் நடுவில் இரண்டு சுரங்களின் அளவைத் தவறாகப் புரிந்துகொண்டார். அதனால் இரண்டு நீண்ட சுரங்கள் அதிகமாக வந்து உட்கார்ந்தன. அவற்றுக்குச் சொல் வேண்டுமே என்று நீல் ‘சேதி! சேதி!’ என்று முதல் சரணத்திலும், ‘களிப்பு! களிப்பு!’ என்று அடுத்ததிலும் எழுதினார். சுழன்று வரும் ஆட்டத்தின் நடுவில் இரண்டு பேர் திடீரென்று நின்று கைதட்டுவது போல அது ஒலிக்கும். பின்னாளில் பல பாட்டுப்புத்தகங்கள் அதை எடுத்துவிட்டன. பழைய பதிப்பை வைத்திருப்பவர்கள் இன்றும் அதைப் பாடுகிறார்கள். தங்கள் பாட்டியிடம் கேட்டபடி பாடுகிறவர்களைத் திருத்த எனக்கு மனம் வராது. என் வருத்தம் வேறு. இரண்டு சுரம் கூடியது பெரிய குறை அல்ல. ஒரு மொழி குறைந்ததுதான் குறை. கேள்வியும் பதிலுமாக இருந்த பாட்டு ஒரே குரலின் அறிவிப்பாகிவிட்டது. ராபர்ட் லூகாஸ் பியர்சால் 1830களில் பல குரல்களுக்கு எழுதிய அமைப்பு அந்தப் பிழையைச் செய்யவில்லை. ஜெர்மன் இருந்த இடத்தில் ஆங்கிலத்தை வைத்தார். லத்தீனை லத்தீனாகவே விட்டார்.

மெட்டைக் கொஞ்சம் அருகில் பார்ப்போம். நம் சுரங்களில் சொன்னால் முதல் அடி ச ச ச க ம ப த ப. தொடங்கிய இடத்திலேயே மூன்று முறை காலை ஊன்றிவிட்டு, ஒரு தாவு தாவி, படியேறி, தைவதத்தைத் தொட்டுவிட்டுப் பஞ்சமத்தில் இளைப்பாறுகிறது. இரண்டாம் அடியும் அதே போலத்தான். ஜெர்மன் அடி லத்தீன் அடியின் மெட்டையே திரும்பப் பாடுகிறது என்பதைக் கவனிக்க வேண்டும். மொழி மாறுகிறது, மெட்டு மாறவில்லை. கடைசி இரண்டு அடிகளில் மெட்டு சட்ஜத்துக்குக் கீழே இறங்குகிறது, மறுபடி எழுகிறது, பிறகு க, ரி, ச என்று நிதானமாக இறங்கி வீட்டுக்கு வந்துவிடுகிறது. கடைசிச் சரணத்தில் அந்த இடத்தில் வரும் சொற்கள்தான் “நாம் அங்கே இருக்கக்கூடாதா”. சொல் இன்னும் ஏங்கிக்கொண்டிருக்கிறது. மெட்டோ வீடு சேர்ந்துவிட்டது. இந்த ஒரு முரணுக்காகவே இந்தப் பாட்டை ஆயுள் முழுக்க வாசிக்கலாம்.

விசைப்பலகைக்கு இது வந்த கதையில் பாக் நடுநாயகம். 1705இன் பிற்பகுதியில், ஆர்ன்ஷ்டாட் ஊர்க் கோயிலில் ஆர்கன் வாசித்துக்கொண்டிருந்த 20 வயது இளைஞர் யோகான் செபாஸ்டியன் பாக் நான்கு வாரம் விடுப்புக் கேட்டுக்கொண்டு லூபெக்குக்குப் புறப்பட்டார். ஏறக்குறைய 400 கிலோமீட்டர் நடை. அங்கே புக்ஸ்டஹூட என்ற மூத்த ஆர்கன் மேதையைக் கேட்கத்தான் போனார். நான்கு வாரம் நான்கு மாதமாயிற்று. புக்ஸ்டஹூடவும் இந்த மெட்டுக்கு ஆர்கன் அமைப்பு எழுதியவர்தான். திரும்பி வந்த பாக்கை 1706 பிப்ரவரி 21 அன்று கோயில் நிர்வாகம் கூப்பிட்டு விசாரித்தது. ஏன் இவ்வளவு நாள் என்பது ஒரு கேள்வி. இன்னொன்று எனக்குப் பிடித்த குற்றச்சாட்டு: சபையார் பாடும்போது பாட்டுக்கு நடுவில் விசித்திரமான மாறுபாடுகளைச் செய்கிறார், அந்நிய சுரங்களைக் கலக்கிறார், சபை குழம்பிப்போகிறது.

அவர் என்ன செய்திருப்பார் என்று தெரிந்துகொள்ள விரும்புகிறவர்கள், இந்தப் பாட்டுக்கு அவர் எழுதிய, படைப்புப் பட்டியலில் 729 என்று எண்ணிடப்பட்ட அமைப்பைக் கேட்கலாம். சபை ஓர் அடி பாடும். மூச்சு எடுக்கும் இடைவெளியில் ஆர்கன் மேலிருந்து கீழாகச் சுரங்களை அருவியாகக் கொட்டும். அடுத்த அடி. மறுபடி அருவி. பழக்கமில்லாத சபை குழம்பித்தான் இருக்கும். கேம்பிரிட்ஜ் கிங்ஸ் கல்லூரி ஆலயத்தில் கிறிஸ்துமஸுக்கு முந்திய நாள் நடக்கும் ஒன்பது பாடங்களின் ஆராதனையில், 1938இல் டக்ளஸ் கெஸ்ட் என்ற மாணவ ஆர்கன் கலைஞர் இதை வாசித்ததிலிருந்து அது அங்கே வழக்கமாகிவிட்டது. ஆராதனை முடிந்து மக்கள் எழும்போது இந்த அருவிதான் கொட்டுகிறது.

(பாக் கண்டிக்கப்பட்ட அதே 1706இல், ஜூலை மாதம், லூத்தரன் சபையின் ஜெர்மன் போதகர் சீகன்பால்கு தரங்கம்பாடியில் வந்து இறங்கினார். ஜெர்மன் மெட்டுகளிலேயே தமிழ்ச் சொற்களை அமைத்துப் பாடும் ஞானப்பாட்டு மரபு அந்தக் கரையில்தான் தொடங்கியது. ஒரே சபையின் மெட்டுகள் ஓர் ஊரில் இளைஞர் ஒருவருக்குத் திட்டு வாங்கித் தந்தன. இன்னோர் ஊரில் கடல் கடந்து மொழி மாறின.)

ஆனால் நான் நெஞ்சோடு வைத்திருப்பது 729 அல்ல. பாக் வைமர் நகரில் இருந்தபோது ‘ஓர்கல்புக்லைன்’ என்ற சிறிய ஆர்கன் புத்தகத்தைத் தொடங்கினார். 164 பாட்டுகளுக்குத் தலைப்பு எழுதிப் பக்கங்களை ஒதுக்கி வைத்தார். 46 மட்டும் எழுதி முடித்தார். தொடக்கநிலையில் இருப்பவர் கற்றுக்கொள்ள என்று அதன் முகப்பிலேயே குறித்திருக்கிறார். அதாவது பாடப்புத்தகம். அதில் ‘இன் துல்ச்சி யூபிலோ’ ஒரு கேனனாக அமைந்திருக்கிறது. மேல் குரல் மெட்டை எடுத்துக்கொண்டு போகும். ஒரே ஒரு தாள வட்டம் கழித்து, ஒரு ஸ்தாயி கீழே, இன்னொரு குரல் அதே மெட்டை அப்படியே பாடிக்கொண்டு பின்னால் வரும். அதுவும் போதாதென்று, நடுவில் ஓடும் துணைக் குரல்களும் மூன்று மூன்று சுரங்களாகத் துள்ளி ஒன்றையொன்று துரத்துகின்றன. முன்னால் போகிறவர் நிற்பதில்லை, பின்னால் வருகிறவர் விடுவதில்லை.

இது வித்தை காட்டுவதற்காக எழுதப்பட்டதாக எனக்குத் தோன்றுவதில்லை. பாட்டின் இரண்டாம் சரணத்தைப் பாருங்கள். சின்னஞ்சிறு இயேசுவே, உம்மை நினைத்து எனக்கு வேதனையாக இருக்கிறது, என்னைத் தேற்றும் என்று ஜெர்மனும் லத்தீனும் மாறிமாறிக் கெஞ்சிவிட்டு, “திராஹே மே போஸ்த் தே” என்று முடிகிறது. உன்னதப்பாட்டில் இருந்து எடுத்த வரி அது. நம் தமிழ் வேதாகமத்தில் “என்னை இழுத்துக்கொள்ளும், உமக்குப் பின்னே ஓடிவருவோம்” என்று இருக்கிறது. உமக்குப் பின்னே ஓடிவருவோம். கேனன் என்பதற்கு இதைவிட நல்ல விளக்கம் எந்த இசைப் புத்தகத்திலும் இல்லை. பாக் அந்த வரியை மனதில் வைத்துத்தான் எழுதினாரா என்பதற்குச் சான்று கேட்டால் என்னிடம் சுரங்கள் மட்டும்தான் உண்டு. எனக்கு அவை போதும்.

ஆர்கனில் இரண்டாவது குரலைக் கால் வாசிக்கும். பியானோவில் காலால் சுரம் வாசிக்கும் விசைகள் கிடையாது. இரண்டு கைக்குள் நான்கு குரல்களும் அடங்க வேண்டும். பெரியவர்களுக்கே விரல் சிக்கிக்கொள்ளும். அதனால் நான் பிள்ளைகளோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்துவிடுவேன். துணைக் குரல்களை விட்டுவிட்டு மெட்டை மட்டும் எடுத்துக்கொள்வோம். மேலே பிள்ளை, கீழே நான்.

போன டிசம்பரில் பன்னிரண்டு வயது மாணவி ஒருத்தியோடு இப்படி வாசித்துக்கொண்டிருந்தேன். வெளியே மழை. ஈரக்காற்றில் பழைய பியானோவின் விசைகள் கொஞ்சம் உப்பி, அழுத்தினால் எழ மனமில்லாமல் கிடந்தன. அவள் தொடங்கினாள். ஒரு வட்டம் கழித்து நான் தொடங்கினேன். மூன்றாம் அடியில் அவள் நிறுத்திவிட்டாள்.

“மிஸ், நீங்கள் பின்னாலேயே வருகிறீர்கள். எனக்குத் திரும்பிப் பார்க்க வேண்டும் போல இருக்கிறது.”

“திரும்பிப் பார்க்காதே. நான் வந்துகொண்டுதான் இருக்கிறேன். காதில் கேட்டுக்கொண்டே போ.”

இரண்டாம் முறை அவள் நிறுத்தவில்லை. ஆனால் ஒவ்வொரு அடியின் முடிவிலும் தலையை லேசாகச் சாய்த்து, என் கை அந்த இடத்துக்கு வந்து சேருகிறதா என்று கேட்டுக்கொண்டாள். மூன்றாம் முறை அவள் தன் மெட்டை வாசிக்கவே இல்லை என்று தோன்றியது; என் மெட்டைக் கேட்டுக்கொண்டிருந்தாள், அவள் விரல்கள் தாமாக நடந்தன. கேனன் வாசிப்பதில் கற்றுக்கொள்ள வேண்டியது இதுதான்.

பாக்கின் இந்த அமைப்பு முடியும்போது ஒரு சுரம் நீண்டு நிற்க, அதன் மேல் மற்றவை அசைந்துகொண்டிருக்கும். பேக்பைப்பின் அடிநாதம் அது. மேய்ப்பர்களின் வாத்தியம் என்று ஐரோப்பிய இசையில் அதற்கு ஒரு நெடிய மரபு. நமக்குப் புரியும்படி சொன்னால், நாதஸ்வரத்துக்குப் பக்கத்தில் ஒத்து ஊதுகிறவர். ஒரே சுரம், விடாத மூச்சு.

வீட்டில் பியானோவோ கீபோர்டோ வைத்துக்கொண்டு இந்தப் பாட்டை வாசிக்க நினைப்பவர்களுக்கு என் முதல் யோசனையும் இந்த ஒத்துதான். கடைகளில் கிடைக்கும் எளிய அமைப்புகள் பலவற்றில் இடது கைக்கு ஒவ்வொரு தட்டுக்கும் ஒரு கார்டு, அதாவது சேர்ந்தொலிக்கும் சுரக்கூட்டு, மாற்றிக் கொடுத்திருப்பார்கள். பாட்டு உடனே அணிவகுப்பாகிவிடும். அப்படி வேண்டாம். இடது கையில் சட்ஜமும் பஞ்சமமும் மட்டும் போதும். சுண்டுவிரல் ஒன்றில், கட்டைவிரல் இன்னொன்றில். முதல் மூன்று அடிகளையும் அந்த ஒத்தின் மேலேயே வாசித்துவிடலாம். மத்திமம் வரும்போது லேசாக உரசும். உரசட்டும், அது இனிமையான உரசல். முன்னணையில் கிடக்கிறது என்ற நான்காம் அடியில்தான் இடது கை முதன்முதலாக இடம் மாற வேண்டும். அவ்வளவு நேரம் காத்திருந்து மாறும்போது அது ஒரு கதவு திறப்பது போல இருக்கும்.

தாளத்தில் ஒரே எச்சரிக்கை: நெடிலையும் குறிலையும் சமமாக்கிவிடக் கூடாது. பிள்ளைகள் அவசரத்தில் எல்லாச் சுரத்தையும் ஒரே அளவாக வாசிப்பார்கள். நான் அவர்களை எழுப்பி, அறையைச் சுற்றி ஒரு காலை ஊன்றி மறு காலை லேசாகத் தொட்டு நடக்கச் சொல்வேன். இரண்டு சுற்று நடந்தால் போதும். திரும்பி வந்து உட்கார்ந்ததும் கை சரியாகிவிடும். கொஞ்சம் பழகியவர்களுக்கு, பாக் நான்கு குரல்களுக்கு எழுதிய எளிய அமைப்பு ஒன்று இருக்கிறது, எண் 368. கோயில் பாடகர் குழுவுக்கு எழுதியது, ஆனால் இரண்டு கைக்குள் அடங்கும். நடுக் குரல்களைத் தனித்தனியே பாடிப் பார்த்துவிட்டு வாசித்தால் நல்லது.

பியானோவுக்கென்றே எழுதியவர்களில் ஹங்கேரிய இசைமேதை ஃபிரான்ஸ் லிஸ்ட் வருகிறார். இளமையில் மேடையில் பியானோவின் கம்பிகளை அறுத்தவர் என்று பெயரெடுத்த அதே லிஸ்ட். 1870களில், அபே என்று அழைக்கப்படும் துறவுக் கோலத்தில், 12 துண்டுகள் கொண்ட ‘வைநாக்ட்ஸ்பவும்’ என்ற கிறிஸ்துமஸ் மரத் தொகுப்பை எழுதினார். தன் பேத்தி டேனியலாவுக்கு அதைக் காணிக்கையாக்கினார். மூன்றாவது துண்டு ‘முன்னணையருகே மேய்ப்பர்கள்’. மெட்டு நம் மெட்டுதான். நான்காவதில் ‘பக்தரே வாரும்’ என்று நாம் பாடும் மெட்டு வருகிறது. மற்றவற்றில் மரத்தில் மெழுகுவத்தி ஏற்றுவது, மாலை மணி, தாலாட்டு, பழைய நினைவு எல்லாம் உண்டு. மேய்ப்பர்கள் துண்டில் வித்தை எதுவும் இல்லை. சுரங்கள் குறைவு, இடைவெளி அதிகம். மேய்ப்பர்கள் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நுனிக்காலில் உள்ளே வருவது போல வாசிக்க வேண்டும். சுமாராக வாசிக்கத் தெரிந்த ஒரு மாணவர் இதைச் சில வாரங்களில் கற்றுக்கொண்டுவிடலாம். நன்றாக வாசிக்கச் சில வருடங்கள் ஆகலாம்.

1881 ஜூலையில் வைமரில் படியிலிருந்து விழுந்த லிஸ்ட் அதற்குப் பிறகு முழுதாகத் தேறவே இல்லை. அந்த ஆண்டு கிறிஸ்துமஸ் அன்று, ரோமில், டேனியலா தங்கியிருந்த ஹோட்டல் அறையில் இந்தத் தொகுப்பு முதன்முதலாக வாசிக்கப்பட்டது. 70 வயதுத் தாத்தா, 21 வயதுப் பேத்தி, ஒரு ஹோட்டல் பியானோ. ஐரோப்பாவின் பெரிய அரங்குகளை எல்லாம் பார்த்தவர் தன் கிறிஸ்துமஸ் இசைக்குத் தேர்ந்த இடம் அது. நான்கு கைகளால் வாசிக்கும் வடிவத்தையும் அவரே எழுதி வைத்தார். ஒரே பெஞ்சில் இரண்டு பேர் உட்கார்ந்து வாசிப்பதற்கு.

20ஆம் நூற்றாண்டில் ஜெர்மன் பியானோ மேதை வில்ஹெல்ம் கெம்ப்ஃப் இன்னோர் ஆர்கன் அமைப்பைப் பியானோவுக்கு மாற்றினார். எண் 751, நெடுங்காலம் பாக் எழுதியதாக அச்சிடப்பட்டு வந்தது. இன்று அதை பாக்கின் முதல் மனைவியின் தகப்பனார் யோகான் மிகாயேல் பாக் எழுதியதாகக் கருதுகிறார்கள். யார் எழுதினாலும், கெம்ப்ஃப் கையில் அது மணியோசையாக மாறியிருக்கிறது. பாட்டின் கடைசிச் சரணத்தில் அரசரின் முற்றத்தில் மணிகள் ஒலிக்கின்றன என்று வருகிறது. அந்த மணிகளைத்தான் அவர் கேட்டிருக்க வேண்டும். 1975இல் ஆங்கிலேய இசைக்கலைஞர் மைக் ஓல்ட்ஃபீல்ட் சொற்களே இல்லாமல் வாத்தியங்களில் மட்டும் பதிவு செய்த வடிவம் இங்கிலாந்தில் பெரும் வெற்றி பெற்றது. துள்ளல் எல்லாம் அதில் இருக்கிறது. ஏக்கத்தை நான் அதில் கேட்டதில்லை.

கடைசிச் சரணம் ஒரு கேள்வியோடு தொடங்குகிறது. “ஊபி சுந்த் காவுதியா?” மகிழ்ச்சிகள் எங்கே? அங்கே அல்லாமல் வேறெங்கும் இல்லை என்று ஜெர்மன் பதில் சொல்கிறது. வானதூதர்கள் புதுப் பாட்டுப் பாடும் இடத்தில், மணிகள் ஒலிக்கும் இடத்தில். பிறகு அந்த ‘இருக்கக்கூடாதா’.

அன்றைக்கு அந்த மாணவியும் நானும் இந்தச் சரணத்துக்கு வந்தபோது, முடிவைப் பலமாக வாசிக்கட்டுமா என்று கேட்டாள். அச்சுப் பிரதியில் அப்படித்தான் குறித்திருந்தது. நான் வரியின் பொருளைச் சொன்னேன். அவள் கொஞ்ச நேரம் விசைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அப்படியென்றால் அவர்கள் இன்னும் போய்ச் சேரவில்லையா, மிஸ்?”

“இல்லை.”

ஆர்கனில் விரலை எடுக்கும் வரை ஒத்து நின்றுகொண்டே இருக்கும். காற்று இருக்கும் மட்டும் அதற்குச் சாவில்லை. பியானோவில் சுத்தியல் கம்பியைத் தட்டிய அடுத்த கணமே நாதம் தேயத் தொடங்கிவிடுகிறது. இதைப் பியானோவின் குறை என்று சொல்வார்கள். இந்த ஒரு வரிக்கு அது குறை இல்லை. சட்ஜத்தையும் பஞ்சமத்தையும் சேர்த்து மெதுவாக அழுத்தி, பெடலை மிதித்து, விரலை எடுக்காமல் வைத்துக்கொள் என்றேன். மேலே க, ரி, ச. வீடு வந்துவிட்டது. நாதம் மட்டும் போய்க்கொண்டிருந்தது. அவள் குனிந்து காதைப் பியானோவின் மரத்தில் வைத்துக்கொண்டாள். நானும் மூச்சை அடக்கிக் கேட்டேன். எனக்கு மழைச் சத்தம்தான் கேட்டது. அவள் கையை உயர்த்தி, இன்னும் இருக்கிறது என்று சைகை காட்டினாள்.